பால் வட்டம்

அவருக்கு 'நிதானம்' என்று பேர் வைத்தது பெற்றவர்கள் இல்லை, கூட லாரி ஓட்டுகிறவர்கள். பால் டேங்கரை வளைவில் திருப்பும்போது உள்ளே இருக்கிற பால் ஒரு பக்கமாக அலையடித்து வண்டியையே சாய்த்துவிடும். அதனால் எல்லா ஓட்டுநர்களும் கொஞ்சம் மெதுவாகத்தான் போவார்கள். இவரோ, தூங்குகிற குழந்தையைத் தோளில் போட்டுக்கொண்டு நடப்பதுபோலப் போவார். பின்னால் வருகிறவர்கள் ஹாரனை அடித்து ஓய்ந்து, கடைசியில் அந்தப் பேரை வைத்துவிட்டார்கள்.

கல்யாணத்திலும் அதே கதைதான். நாற்பத்தாறு வயதுவரை தனிக்கட்டை. ஒருநாள் முதுகு வலிக்குத் தைலம் வாங்க ஒரு மருந்துக்கடைக்குள் நுழைந்தார். எடுத்துக் கொடுத்த பெண்மணி, "தேச்சுட்டு உடனே ஃபேனுக்குக் கீழ படுத்துடாதீங்க" என்று சொன்னாள். அவருக்கு அப்படி யாரும் எதுவும் சொல்லிப் பல வருஷம் ஆகியிருந்தது. வலி போன பிறகும் கடைக்குப் போவது நிற்கவில்லை. அறை ஜன்னலில் தைல பாட்டில்கள் பிரிக்காமலே சேர்ந்துகொண்டு போயின. கடைசியில் அவளே, "உங்களுக்கு வலி முதுகுலயா, வேற எங்கயாவதா?" என்று கேட்டு ஒரு முடிவுக்குக் கொண்டுவந்தாள்.

அவளுக்குப் பதினோராம் வகுப்பு படிக்கிற ஒரு மகள் இருந்தாள். வீட்டில் 'குட்டி' என்று கூப்பிடுவார்கள். அவள் தவழுகிற வயதிலேயே அப்பா இறந்துபோய்விட்டார். அதற்குப் பிறகு அந்த மூன்றாவது மாடி வீட்டில் அம்மாவும் பெண்ணும் மட்டும்தான், இவர் ஒரு தகரப் பெட்டியோடு வந்து சேரும்வரை.

குட்டி அவரோடு சண்டை போட்டிருந்தால்கூட நிதானம் சமாளித்திருப்பார். அவள் மரியாதையாக இருந்தாள். அதுதான் தாங்க முடியவில்லை. "சாப்பாடு மூடி வெச்சிருக்குங்க." "சாவி ஆணியில இருக்குங்க." விருந்தாளியிடம் பேசுகிற மாதிரி ஒவ்வொரு சொல்லும் துடைத்து வைத்தாற்போல வரும். அவரை எதுவும் சொல்லிக் கூப்பிடமாட்டாள். ஏதாவது கேட்க வேண்டுமானால் அவர் கண்ணில் படுகிற இடத்தில் வந்து நின்று தொண்டையைச் செருமுவாள். அதைவிட அவரைக் குத்தியது அவள் வாயில் வரும் 'நாங்க' என்ற சொல். "ஞாயித்துக்கிழமை நாங்க துணி துவைப்போம்." "நாங்க டிவி சத்தமா வைக்கமாட்டோம்." அந்த 'நாங்க'வில் அவருக்கு இடம் கிடையாது. அவரும் அது தெரிந்து, தன் சட்டையைத் தனியாகத் துவைத்துத் தனிக் கொடியில் காயப்போட்டார்.

இப்படி நாலு மாதம் போயிருக்கும். ஒரு ராத்திரி சாப்பிடும்போது குட்டி அம்மாவிடம் பள்ளிக்கூடத்து வேலை ஒன்றைச் சொல்லிக்கொண்டிருந்தாள். புவியியலில் விவசாய வகைகள் என்று பாடம். ஊரிலிருந்து வெளியே போகிற ஒரு சாலையைப் பிடித்துக்கொண்டு போய், வழியில் எங்கெங்கே என்னென்ன விவசாயம் நடக்கிறது என்று கண்ணால் பார்த்து, வரைபடமாக வரைந்து வகுப்பில் விளக்க வேண்டுமாம்.

"எனக்கு ஏது லீவு? கடையில ஆளே இல்ல" என்றாள் அம்மா. பிறகு, ஏதோ அப்போதுதான் தோன்றியதுபோல, "இவரு தினமும் அந்த வழியாத்தானே போறாரு?" என்றாள்.

குட்டி தட்டையே பார்த்தாள். "அவருக்கு வேலை இருக்கும்மா."

"உதவியாளு லீவுல போயிருக்கான்" என்றார் நிதானம், சாம்பார் கரண்டியைப் பிடித்தபடி யாரையும் பார்க்காமல். "சீட்டு காலியாத்தான் கிடக்கு."

சூப்பர்வைசரிடம் அனுமதி வாங்கியாயிற்று. சனிக்கிழமை விடியும் நேரத்தில் கிளம்பினார்கள். குட்டி கதவோடு கதவாக ஒட்டி உட்கார்ந்து, மடியில் சுருட்டிய சார்ட்டை வைத்துக்கொண்டாள். நடுவில் இன்னும் இரண்டு பேர் உட்காரலாம்.

ஊர் முடிகிற இடத்தில், கடைசி வீடுகளின் சுவரை ஒட்டியே கீரைப் பாத்திகள் தொடங்கின. முள்ளங்கி, கொத்தமல்லி, வெண்டை. ஈரம் சொட்டச் சொட்டக் கட்டு கட்டிக்கொண்டிருந்தார்கள். குட்டி பென்சிலை எடுத்தாள். அவர் கேட்காமலே வண்டியின் வேகத்தைக் குறைத்தார். பிறகு தைரியத்தை வரவழைத்துக்கொண்டு, "என்னம்மா பாடம் அது?" என்றார்.

"வட்டம்" என்றாள். அவர் புரியாமல் பார்க்கவும், கொஞ்சம் இறங்கி வந்தாள். "இருநூறு வருஷத்துக்கு முன்னாடி ஒருத்தர் யோசிச்சிருக்கார். நடுவுல ஊரு. சீக்கிரம் வாடுறது, கெட்டுப்போறது எல்லாம் ஊருக்குப் பக்கத்துலயே விளையும். காய்கறி, பால். அதைச் சுத்தி மரம், ஏன்னா வெயிட்டு, ரொம்ப தூரம் இழுக்க முடியாது. அதுக்கு வெளிய தானியம், அது கெடாது. எல்லாத்துக்கும் கடைசியில ஆடு மாடு மேய்க்கிறது, ஏன்னா அது தானே நடந்து வந்துடும்."

நிதானம் நாலைந்து கிலோமீட்டர் அதை மென்றுகொண்டே ஓட்டினார். "ரொம்ப வருஷமா இந்த ரோட்டுல போறேன். ஒருநாளும் இப்படித் தோணலையே" என்றார். அவள் முகத்தை ஜன்னல் பக்கம் திருப்பிக்கொண்டு சிரித்த மாதிரி இருந்தது.

கீரைப் பாத்திகள் போய் மாட்டுக் கொட்டகைகளும் தீவனப் புல்லும் வந்தன. ஒவ்வொரு குளிர்விப்பு நிலையமாக நிறுத்தினார்கள். சுற்றுவட்டாரத்தில் கறந்த பாலையெல்லாம் அங்கே ஒரு பெரிய தொட்டியில் ஊற்றிக் குளிர வைத்திருப்பார்கள். டேங்கருக்குள் குளிரூட்டி எதுவும் கிடையாது, கனமான உறைதான். குளிர்ந்த பாலை ஏற்றினால் குளிர்ச்சி அப்படியே நிற்கும், அவ்வளவுதான். நிதானம் குழாயை மாட்டுவார், வெப்பமானியை விட்டுப் பார்ப்பார், மூடியைத் திறந்து மோந்து பார்ப்பார்.

இரண்டாவது நிலையத்தில் இருந்த அம்மாள், "யாரு இந்தப் பொண்ணு?" என்று கேட்டாள்.

நிதானம் குழாயைத் திருகிக்கொண்டே வார்த்தையைத் தேடினார். அதற்குள் குட்டியே சொல்லிவிட்டாள். "இவரு எங்கம்மாவோட வீட்டுக்காரர்."

தப்பாக ஒன்றும் சொல்லவில்லை. உள்ளதைச் சொன்னாள். அந்த அம்மாளுக்குத்தான் சங்கடமாகிப்போய், "டீ குடிக்கிறியா கண்ணு?" என்று பேச்சை மாற்றினாள். நிதானம் அன்றைக்கு அந்த நிலையத்தில் பாலை இரண்டு தடவை மோந்து பார்த்தார்.

மூன்றாவது நிலையத்தில் மின்சாரம் போயிருந்தது. ஜெனரேட்டரும் மக்கர். பால் குளிர வேண்டிய அளவுக்குக் குளிரவில்லை. நிதானம் சூப்பர்வைசருக்குப் போன் போட்டார். "ஏத்திக்கோ. எங்கயும் நிக்காம நேரா வந்துடு, சரியா இருக்கும்" என்று உத்தரவு வந்தது. ஏற்றிக்கொண்டு ஊரைப் பார்த்துத் திரும்பினார்கள். குட்டியின் முகம் வாடிவிட்டது. வரைபடத்தில் காய்கறியும் பாலும்தான் இருந்தன. மிச்ச வட்டமெல்லாம் வெறுமை. ஆனால் அவள் வாயைத் திறக்கவில்லை. விருந்தாளியிடம் யாராவது குறை சொல்வார்களா?

ஆற்றுப் பாலத்துக்கு முன்னால் வண்டிகள் வரிசைகட்டி நின்றன. மரக்கட்டை ஏற்றிவந்த லாரி ஒன்று பாலத்தின் நடுவில் சாய்ந்து, கட்டைகள் ரோடு முழுக்க உருண்டு கிடந்தன. யாருக்கும் அடி இல்லை. "கிரேன் வரணும். சாயங்காலம் ஆயிடும்" என்றார் போலீஸ்காரர். சுற்றிப் போகிற இன்னொரு பாலத்துக்கும் கிட்டத்தட்ட அவ்வளவு நேரம் ஆகும்.

நிதானம் எஞ்சினை நிறுத்தினார். இறங்கிப் போய் டேங்கர் வயிற்றில் உள்ளங்கையை வைத்துப் பார்த்தார். வெயில் ஏறிக்கொண்டிருந்தது. திரும்பி வந்து உட்கார்ந்து ஸ்டீயரிங்கில் தாளம் போட ஆரம்பித்தார். அவர் தாளம் போட்டு குட்டி பார்த்ததே இல்லை.

"பால் கெட்டுடுமா?" என்று கேட்டாள்.

"உடனே கெடாது. ஆனா ஃபேக்டரி கேட்டுல சோதிப்பாங்க. புளிப்பு கொஞ்சம் ஏறியிருந்தாலும் வேணாம்னுடுவாங்க."

"அப்புறம்?"

"அப்புறம் என்ன, சாக்கடைதான்."

குட்டி பின்பக்கக் கண்ணாடி வழியாக டேங்கரைப் பார்த்தாள். காலையிலிருந்து ஏற்றியதெல்லாம் அதற்குள் இருந்தது. கேனைத் தலையில் வைத்துக்கொண்டு வந்தவர்கள், சைக்கிளில் தொங்கவிட்டுக்கொண்டு வந்தவர்கள், எல்லோரையும் அவள் பார்த்திருந்தாள். மடியில் இருந்த சார்ட்டைப் பிரித்தாள், சுருட்டினாள், மறுபடி பிரித்தாள்.

"பாடத்துல ஒண்ணு இருக்கு" என்றாள். "பாலுக்குரிய வட்டத்தைத் தாண்டி, ரொம்ப தூரத்துல மாடு வெச்சிருக்கிறவங்க பாலைப் பாலா அனுப்பமாட்டாங்களாம். வந்து சேராது இல்லையா? வெண்ணெயாவோ பாலாடைக்கட்டியாவோ மாத்தித்தான் அனுப்புவாங்களாம். அப்படின்னா அந்தப் பக்கம் எங்கயாவது அந்த மாதிரி ஃபேக்டரி இருக்கணுமே? நாம ஏன் ஊருக்கே போகணும்? நாம அங்க போகலாமே?"

நிதானம் தாளத்தை நிறுத்தினார். பாலாடைக்கட்டி பற்றி அவருக்கு உடனே ஒன்றும் ஓடவில்லை. 'நாம' என்று சொன்னாளே, அதுதான் காதில் நின்றது. அவள் அதைக் கவனித்ததாகவே தெரியவில்லை. கண் சார்ட்டில் இருந்தது. இவர் கவனித்தார்.

பிறகுதான் மூளை வேலை செய்தது. மலையடிவாரத்துப் புல்வெளிப் பக்கமிருந்து எப்போதாவது ஒரு பச்சை வேன் எதிரில் வரும். பக்கவாட்டில் பாலாடைக்கட்டிப் படம் போட்டிருக்கும். வேறு கம்பெனி. அந்தத் திசையில் அவர் லாரி ஓட்டியதே இல்லை. கொடுத்த வழியை விட்டு ஒரு முழம் விலகினவர் இல்லை அவர்.

"இருக்கு. ஆனா அது நம்ம கம்பெனி இல்லையேம்மா. விடமாட்டாங்க."

"கேட்டாதானே தெரியும்?" என்றாள் குட்டி. "போன் போடுங்க."

சூப்பர்வைசர் முதலில் சிரித்தார். "நிதானம், உனக்கு வெயில் தலைக்கேறிடுச்சா? பேசாம நிழல்ல நிறுத்து."

"நிழல்ல நிறுத்தினா பால் தப்பிக்குமா சார்? வர்றப்போ நீங்க மோந்து பாத்துட்டுக் கொட்டச் சொல்லுவீங்க. கொட்டுறது நான். அவங்ககிட்ட ஒரு வார்த்தை பேசிப் பாருங்களேன். பேசறதுல என்ன குறைஞ்சிடப் போகுது?"

வேலைக்குச் சேர்ந்த நாளிலிருந்து மேலதிகாரியிடம் "சரி சார்" தவிர வேறு பேசாத மனிதர். "இரு, கூப்பிடறேன்" என்று அந்தப் பக்கம் போனை வைத்துவிட்டார்கள். குட்டி அவரை ஏற இறங்கப் பார்த்தாள். கொஞ்ச நேரம் கழித்து சூப்பர்வைசரே கூப்பிட்டார். "பேசிட்டேன். கொண்டாரச் சொல்றாங்க, பாத்துட்டுத்தான் எடுப்பாங்களாம். கிளம்பு. இன்னிக்கு மட்டும் கொஞ்சம் வேகமாத்தான் போயேன்!"

வண்டியைத் திருப்புவதற்கே பெரும்பாடாகிவிட்டது. முன்னும் பின்னும் கார்கள். குட்டி தானாகவே இறங்கி, பின்னால் போய் நின்று, "வாங்க, வாங்க, இன்னும் வாங்க, போதும்!" என்று கையை ஆட்டினாள். ஏறி உட்கார்ந்தபோது கதவோரம் ஒட்டிக்கொள்ளவில்லை. சார்ட்டை விரிக்க இடம் வேண்டியிருந்தது.

மூன்றாவது நிலையத்தைத் தாண்டியதும் அவருக்கே புது உலகமாக இருந்தது. முதலில் வரிசை வரிசையாக நட்ட மரங்கள், வெட்டி அடுக்கிய கட்டைகள். "மரம்!" என்று கத்தினாள் குட்டி. அப்புறம் கண்ணுக்கெட்டிய தூரம் கோதுமை. ஆளையே காணோம். வீடு மாதிரி ஒரு அறுவடை இயந்திரம் மட்டும் புழுதியைக் கிளப்பிக்கொண்டு தனியாகப் போய்க்கொண்டிருந்தது. "இவ்வளவு நிலத்துக்கு ஒரே ஒரு ஆளா?" என்று நிதானம் வாய்பிளந்தார். "அகலமான நிலம், குறைஞ்ச ஆளு, பெரிய மெஷின். கீரைப் பாத்திக்கு நேரெதிர்" என்றாள் அவள், எழுதிக்கொண்டே. அவர் வேகமாகத்தான் ஓட்டினார். அவருடைய வேகம், அதாவது மற்றவர்களுடைய மெதுவான வேகம்.

புல்வெளி தொடங்குகிற இடத்தில் ஆட்டு மந்தை ஒன்று ரோட்டைக் கடந்துகொண்டிருந்தது. முடிவே தெரியாத மந்தை. ஒரு பெண் கோலோடு முன்னால் நடந்தாள். அவள் புருஷன் மோட்டார் சைக்கிளில் பின்னால் வந்தான், பெட்ரோல் டேங்க் மேல் ஒரு நாய் உட்கார்ந்திருந்தது. நிதானத்தின் கை ஹாரனுக்குப் போயிற்று.

"அடிக்காதீங்க, மிரண்டு சிதறிடும். அப்புறம் சாயங்காலம்வரைக்கும் இங்கதான்" என்று சொல்லிக்கொண்டே குட்டி கீழே குதித்துவிட்டாள். ஆடுகளுக்கு நடுவில் இடுப்பளவு முங்கிக்கொண்டு அந்தப் பெண்ணிடம் ஓடினாள். எங்கிருந்து வருகிறார்கள், மழை வந்தால் எங்கே போவார்கள் என்றெல்லாம் அவள் கேட்டது லாரிவரை காதில் விழுந்தது. நிதானம் ஒரு பக்கம் பாலை நினைத்து மணியைப் பார்த்துக்கொண்டிருந்தார். இன்னொரு பக்கம் அவருக்கு, மரியாதைக்காரி என்று நினைத்த பெண் இப்படிக் கத்திப் பேசுவதைக் கேட்டுக்கொண்டே இருக்கலாம் போலிருந்தது.

பாலாடைக்கட்டித் தொழிற்சாலை சின்னதுதான். ஓடு போட்ட நீளமான கட்டடம், எதிரில் கழுவித் தள்ளிய முற்றம். கேட்டில் இருந்த காவலாளி லாரிக்குள் எட்டிப் பார்த்தார். "டிரைவர் மட்டும்தான் உள்ள வரலாம். இது யாரு?"

"அவரு பொண்ணு" என்றாள் குட்டி.

கேட் திறந்தது. லாரி உள்ளே போகும்வரை இரண்டு பேரும் நேராக முன்னால் பார்த்துக்கொண்டிருந்தார்கள். பிறகு அவள், "உள்ள விடமாட்டாரேன்னுதான் சொன்னேன்" என்றாள்.

"தெரியும்மா" என்றார் நிதானம். "நல்லதாப் போச்சு."

ரப்பர் பூட்ஸ் போட்ட ஒரு பெண்மணி வந்து பாலில் கொஞ்சம் எடுத்தாள். மோந்தாள், சோதித்தாள், நாக்கில் வைத்துப் பார்த்தாள். நிதானம் தொப்பியைக் கையில் பிழிந்துகொண்டு நின்றார்.

"கொஞ்சம் சூடாத்தான் இருக்கு..." என்று இழுத்தாள். அவர் முகத்தைப் பார்த்துவிட்டுச் சிரித்தாள். "அட, நாங்க எப்படியும் சூடு பண்ணத்தானே போறோம்! பால் நல்லா இருக்கு. குழாயை மாட்டுங்க."

டேங்கர் காலியாகும்வரை குட்டியை உள்ளே கூட்டிக்கொண்டு போய்க் காட்டினார்கள். பெரிய பாத்திரத்தில் பால் உறைந்து திரள்வதையும், அலமாரிகளில் சக்கரம் சக்கரமாகப் பாலாடைக்கட்டி மாதக்கணக்கில் உட்கார்ந்திருப்பதையும் பார்த்துவிட்டு வந்தாள். தின்னக் கொடுத்த துண்டை நிதானத்திடம் நீட்டினாள். அவர் கடித்துவிட்டுச் சோப்பைத் தின்றவர்போல முழித்தார். "துப்பிடாதீங்க, பாக்கறாங்க" என்று அவள் பல்லுக்கிடையில் சொன்னாள். அவர் விழுங்கினார்.

திரும்பும் வழியெல்லாம் குட்டி சார்ட்டையும் லாரியின் கிலோமீட்டர் காட்டும் மீட்டரையும் மாறி மாறிப் பார்த்துக்கொண்டு வந்தாள். பாதி வழியில், "ஒத்துவரல" என்றாள்.

"என்ன ஒத்துவரல?"

"பால் வட்டம். அவர் சொன்ன கணக்குப்படி இது ஊருக்குப் பக்கத்துலயே முடிஞ்சிருக்கணும். மூணாவது ஸ்டேஷன் எவ்வளவு தூரத்துல இருக்கு பாருங்க." பென்சிலால் தலையைச் சொறிந்தாள். திடீரென்று நிமிர்ந்து உட்கார்ந்தாள். "அவர் காலத்துல குதிரை வண்டி! பால் எவ்வளவு தூரம் தாங்குமோ அவ்வளவுதான் வட்டம். இப்போ உங்க லாரி இருக்கு. அதனால வட்டம் இவ்வளவு தூரம் வந்துடுச்சு. நீங்கதான் அதை இழுத்துக்கிட்டு வந்திருக்கீங்க."

"நானா?"

"நீங்கன்னா நீங்க மட்டும் இல்ல. எல்லா லாரியும்தான். ஆனா நீங்களும்தான்."

கொஞ்ச தூரம் போனதும் நிதானம் தனக்குத்தானே, "அடேங்கப்பா" என்றார்.

பாலத்தில் கிரேன் வேலையை முடித்திருந்தது. இருட்டுவதற்குள் வீட்டுக்கு வந்துவிட்டார்கள். கதவைத் திறந்த அம்மாவிடம் குட்டி செருப்பைக் கழற்றும் முன்பே ஆரம்பித்துவிட்டாள்: ஆடு, நாய், கட்டை, கேட்டுக்காரர். சூப்பர்வைசரை இவர் எதிர்த்துப் பேசியதை நடித்தே காட்டினாள். "இவரா?" என்று அம்மா நம்பாமல் பார்த்தாள். நிதானம் சட்டையைக் கழற்றிக்கொண்டு குளியலறைக்குள் ஒளிந்துகொண்டார்.

வகுப்பில் நன்றாகத்தான் நடந்தது. பால் வட்டம் ஏன் இவ்வளவு கோணலாக, சாலையோரமாக நீண்டு கிடக்கிறது என்று ஆசிரியை கேட்க, குட்டி லாரியைப் பற்றி விளக்கியிருக்கிறாள். உடனே ஆசிரியை, இதைப் பெரிய தாளில் வண்ணத்தோடு வரைந்து கொண்டுவா, நடைபாதைச் சுவரில் ஒட்டலாம் என்று சொல்லிவிட்டார்.

அன்று சாயங்காலம் கூடத்துத் தரையில் பெரிய தாள் விரிந்தது. நாலு மூலையிலும் நாலு தைல பாட்டில்களை நிதானம் வைத்தார். குட்டி பச்சையால் கீரையையும், பழுப்பால் மரத்தையும் தீட்டி முடித்தாள். பாலுக்கு நீலத்தை எடுத்தாள்.

"நீலமா?" என்றார் நிதானம். "பால் வெள்ளைதானே?"

"தாளே வெள்ளை. வெள்ளை மேல வெள்ளை அடிச்சா என்ன தெரியும்?"

"அப்படியே விட்டுடலாமே. அது பால்."

"விட்டா ஒண்ணுமே இல்லாத இடம்னு நினைப்பாங்க!"

"சுத்தி எல்லாத்துக்கும் கலர் இருக்கில்ல? நடுவுல வெள்ளையா இருந்தா அது பால்னு தெரியாதா? நீலம்னா தண்ணி. பால்ல தண்ணி கலந்திருக்குன்னு அர்த்தமாயிடும். எங்க ஆளுங்க யாராவது பாத்தா என்னை என்னம்மா நினைப்பாங்க?"

"உங்க ஆளுங்க எதுக்கு எங்க ஸ்கூலுக்கு வரப்போறாங்க? உங்களுக்கு மேப்பைப் பத்தி ஒண்ணும் தெரியாது, சும்மா இருங்க!"

சமையலறையில் தட்டு கழுவிக்கொண்டிருந்த அம்மா குழாயை மூடினாள். அந்த வீட்டில் அவளிடம் மட்டும்தான் இதுவரை குட்டி இப்படிக் குரலை உயர்த்தியிருக்கிறாள். ஈரக் கையோடு எட்டிப் பார்த்தாள். இரண்டு பேரும் முழங்காலில் உட்கார்ந்து, ஒரு நீலப் பென்சிலின் இரண்டு முனையையும் பிடித்துக்கொண்டிருந்தார்கள். நிதானம் விடுகிற மாதிரி தெரியவில்லை.

"மஞ்சள் அடிச்சா என்ன?" என்று கேட்டுப் பார்த்தாள்.

"மஞ்சள் கோதுமைக்கு!" என்று இரண்டு பேரும் அவள் மேல் பாய்ந்தார்கள்.